அடுப்படிப் பக்கம்: ஒரு அவண், இரண்டு தட்டம்



லண்டனில் எங்கள் சனம் குடியிருக்கும் வீடுகளில் அவண் என்பது அநேகமாகச் சமைக்கிற சாமான் அல்ல. அது ஒரு அலுமாரி. தாச்சி, இடியப்பத் தட்டு, புட்டுக்குழல், கழுவி எடுத்து வைத்த ஐஸ்கிறீம் பெட்டிகள் எல்லாம் அதற்குள்தான் இருக்கும். நாங்களும் அப்படித்தான் வைத்திருந்தோம். முதன்முதலில் அதைப் பற்றவைத்த நாள், உள்ளே இருந்த ஐஸ்கிறீம் பெட்டிகள் இரண்டு உருகி வழிந்து, புகை எழும்பி, கூரையில் இருந்த புகை மணி அலறி, மேல் அறை ஐயா சாரத்தோடு வீதிக்கு ஓடிவிட்டார். எனவே முதலாவது பாடம்: அவணைத் திருகுவதற்கு முன் கதவைத் திறந்து உள்ளே பாருங்கள்.

இம்முறை எழுதப்போவது அந்த அவணில் பன்றி இறைச்சிச் சொப்ஸும், சோளன் சேர்த்த பாண் கலவையும் வாட்டுவது பற்றி. பன்றி என்றதும் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். பன்றி சாப்பிடாதவர்களுக்கும் இதில் பாதி இருக்கிறது. அந்தப் பாதி எங்களுக்கு எப்படித் தெரியவந்தது என்று சொல்லத்தான் இதை எழுதுகிறோம்.

நாங்கள் வேலை செய்வது சாப்பாட்டைப் பெட்டியில் அடைக்கும் பக்டரி ஒன்றில். பக்கத்தில் நின்று பெட்டி அடுக்கும் ஜமேக்கா நாட்டு அம்மா ஒருவர் இந்தச் செய்முறையை ஒரு மட்டைத் துண்டில் எழுதித் தந்தார். அமெரிக்காவில் இருக்கும் அவருடைய தங்கையின் கைப்பக்குவமாம். வீட்டுக்கு வந்து வாசித்தால் ஒன்றும் பிடிபடவில்லை. "கோன் டிறெசிங்" என்று இருந்தது. டிறெசிங் என்றால் சலாட்டுக்கு மேலே ஊற்றும், போத்தலில் வரும் புளிச்சாறு என்று நினைத்து, கடையில் ஒரு போத்தல் வாங்கியும் வந்துவிட்டோம். அடுத்த நாள் அதைச் சொன்னபோது அந்த அம்மா சிரித்த சிரிப்பில் மெசினை நிறுத்தாதது ஒன்றுதான் குறை.

விசயம் இதுதான். இங்கிலாந்துக்காரர் கோழி, வான்கோழிக்கு உள்ளே பாண் தூள், வெங்காயம், சேஜ் என்ற வாசனை இலை எல்லாம் சேர்த்து அடைத்து வாட்டுவார்கள். அதற்குப் பெயர் ஸ்ரவ்பிங். கடைகளில் பெட்டியில் வரும் "பக்ஸோ" தூள் இதுதான். 1901 இல் மான்செஸ்டருக்குப் பக்கத்தில் எக்கிள்ஸ் என்ற ஊரில் இறைச்சிக்கடை வைத்திருந்த ஜோன் கிறம்ப்டன் என்பவர் தொடக்கி வைத்தது. அமெரிக்காவின் தெற்குப் பக்கத்தில் அதே மாதிரியான கலவைக்கு டிறெசிங் என்று பெயர். அங்கே அதைப் பெரும்பாலும் இறைச்சிக்குள் அடைப்பதில்லை. வேறு தட்டத்தில் புறம்பாக வாட்டுவார்கள். இந்தப் "புறம்பாக" என்ற சொல்லை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

சோளன் எங்களுக்குப் புதிது அல்ல. வன்னியிலும் மட்டக்களப்பிலும் சேனைப் பயிர். வீதிக்கரையில் அவித்து விற்பார்கள். அதன் தாய்நாடு அமெரிக்கக் கண்டம். நாங்கள் தூள் இடிக்கிற மிளகாய்க்கும் அதுதான் தாய்நாடு. போர்த்துக்கேயர் காலத்துக்கு முன் எங்கள் குசினியில் இரண்டும் இருக்கவில்லை. "குசினி" என்ற சொல்லே அவர்களுடையதுதான். பாண், பாண் சுடுகிற போறணை, மேசை, கோப்பை எல்லாம் அப்படி வந்தவை. வந்த இடத்தில் வாங்கிச் சேர்த்துக்கொள்வது எங்கள் சனத்துக்குப் பழகிய வேலை என்பதற்காக இதைச் சொல்கிறோம்.

இனிச் சண்டைக்கு வருவோம்.

நாங்கள் அப்போது இருந்தது ஈஸ்ட்ஹாமில் ஒரு வீட்டில் ஓர் அறையில். கீழே முன் அறையில் ஓர் அக்கா குடும்பம், மேலே ஓய்வுபெற்ற வாத்தியார் ஐயா, நடுவில் நாங்கள். குசினி ஒன்று, அவண் ஒன்று, அவணோடு வந்த தட்டம் ஒன்று. அக்கா வீட்டார் சைவம். நாங்கள் மன்னார்ப் பக்கத்து வேதக்காரர். எங்கள் வீட்டில் நத்தாருக்குப் பன்றி இறைச்சி இல்லாமல் இராது. இந்த நாட்டுக்கு வந்து அந்த வீட்டுக்குள் பையோடு காலடி வைத்த இரவு, சோறும் பருப்பும் போட்டுத் தந்தது அந்த அக்காதான் என்பதையும் சொல்ல வேண்டும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை. எங்களுக்கு வேலை இல்லை. அக்கா வீட்டார் மனோர்பார்க் முருகன் கோயிலுக்குப் போயிருந்தார்கள். நாங்கள் அந்தத் தட்டத்தில் சொப்ஸை அடுக்கி, வாட்டி, வாசம் வீடு நிறைய இருந்து சாப்பிட்டோம். அன்று கந்தசஷ்டியின் மூன்றாம் நாள் என்பது எங்களுக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை. அடுத்த நாள் அக்கா தன் பிள்ளைக்கு உருளைக்கிழங்கு வாட்ட அவணைத் திறந்தா. நாங்கள் அரைகுறையாகக் கழுவிய தட்டத்தின் அடியில் கொழுப்பு வெள்ளையாக உறைந்து கிடந்தது.

அக்கா ஒரு சொல்லும் சொல்லவில்லை. தட்டத்தைத் தூக்கிக்கொண்டுபோய்ப் பின்வளவில் குப்பைப் பெட்டிக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு வந்தா. அதன்பிறகு மூன்று நாள் குசினியில் பேச்சு இல்லை. ஒருவர் உள்ளே வந்தால் மற்றவர் வெளியே. சத்தம் போட்டுச் சண்டை பிடித்திருந்தால்கூட இவ்வளவு பாரமாக இருந்திராது.

எங்களுக்கும் கோபம்தான். வாடகை நாங்களும் கட்டுகிறோம் அல்லவா? ஊரில் அயலட்டைப் பிள்ளைகளின் சைவசமயப் புத்தகத்தில் வாசித்த கண்ணப்ப நாயனார் கதை ஞாபகத்துக்கு வந்தது. வேடர் குலத்துத் திண்ணன் பன்றியை வேட்டையாடி, தீயில் வாட்டி, வாயில் இட்டுச் சுவை பார்த்து, நல்ல துண்டாகத் தெரிந்து இலையில் வைத்துக் காளத்தியப்பருக்குப் படைத்தார் என்று சேக்கிழார் பெரியபுராணத்தில் பாடியிருக்கிறார். "உங்கட சிவபெருமானே ஏற்றுக்கொண்ட இறைச்சி இது" என்று ஒரு சொல் கேட்டுவிட வேண்டும் என்று நாக்கு துடித்தது.

வீட்டுக்காரிதான் தடுத்தா. "கேட்டு வெண்டு போட்டு என்ன செய்யப் போறியள்? பெரிய வெள்ளியன்று இந்தக் குசினியில ஆராவது ஆட்டிறைச்சி வதக்கினா எங்கட மனம் என்ன பாடு படும்?" என்று கேட்டா. அதற்கு எங்களிடம் பதில் இருக்கவில்லை.

நாலாம் நாள் வேலை முடிந்து வரும் வழியில் இரண்டு புதுத் தட்டம் வாங்கி வந்தோம். ஒன்றை அக்காவிடம் கொடுத்து, "சஷ்டி எண்டு தெரியாமல் செய்து போட்டம் அக்கா, மனதில வைக்காதேயுங்கோ" என்று சொன்னோம். அக்கா தட்டத்தை வாங்கி, கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றா. பிறகு, "நீங்கள் சாப்பிடுறது எனக்குக் குறை இல்லை. ஒரு சொல் சொல்லியிருக்கலாம்" என்றா.

மேலிருந்து தேத்தண்ணிக்கு இறங்கி வந்த ஐயாவிடம் கண்ணப்பர் கதையைச் சொல்ல நினைத்ததையும் ஒப்புக்கொண்டோம். ஐயா சிரித்துவிட்டு, "தம்பி, சிவகோசரியாரையும் மறக்காதையும்" என்றார். கண்ணப்பர் வைத்த இறைச்சியைக் கண்டு மனம் பதறி, ஒவ்வொரு நாளும் இடத்தைக் கழுவித் துடைத்துப் பூசை செய்த அந்தணர் அவர். இறைவன் அவரைக் கடிந்துகொள்ளவில்லை; கனவில் வந்து, ஒளிந்து நின்று பார் என்றுதான் சொன்னார். படைத்தவனுக்கும் இடம் இருந்தது, பதறியவருக்கும் இடம் இருந்தது. ஐயா இவ்வளவுதான் சொன்னார்.

அன்று மாலைதான் அந்தப் "புறம்பாக" என்ற சொல் உதவிக்கு வந்தது. சோளன் கலவை இறைச்சிக்கு உள்ளே போகாது என்றால், அதை அக்காவின் தட்டத்தில் முதலில் வாட்டலாம். சைவர்களுக்கும் ஒரு பங்கு. அது வெளியே வந்த பிறகு எங்கள் தட்டம் உள்ளே போகலாம். இப்படித்தான் இன்றுவரை செய்கிறோம். செய்முறை இதோ. நாலு பேருக்கு அளவு.

சோளன் பாண் கலவைக்கு: முதல்நாள் பாண் 6 துண்டு, ஏறக்குறைய 200 கிராம். சுவீற்கோன் ரின் ஒன்று (325 கிராம் அளவு). பெரிய வெங்காயம் 1. சலரித் தண்டு 2. பச்சை மிளகாய் 2. கறிவேப்பிலை ஒரு நெட்டு. பட்டர் 50 கிராம். காய்ந்த சேஜ் இலைத்தூள் ஒரு தேக்கரண்டி. பால் 100 மி.லீ., சுடுதண்ணீர் 100 மி.லீ. மிளகுதூள், உப்பு தேவையான அளவு.

பாணைச் சிறு துண்டுகளாகப் பிய்த்து, காற்றில் காயவிடவும். பட்டரை உருக்கி வெங்காயம், சலரி, பச்சை மிளகாய், கறிவேப்பிலையைப் பொன்னிறமாகாமல் மெதுவாக வதக்கவும். சேஜ், மிளகு, உப்பைச் சேர்க்கவும். சோளனில் காற்பங்கை மசித்துவிட்டு, மசித்ததையும் முழுமணிகளையும் பாணோடு சேர்க்கவும். அமெரிக்கக் குறிப்பில் இறுகுவதற்கு முட்டை ஒன்று உண்டு. முட்டை சேர்க்காத வீடுகளுக்கு மசித்த சோளனே போதும். பாலையும் தண்ணீரையும் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக் கிளறவும். கையில் பிடித்தால் பிடிபட வேண்டும், பிழிந்தால் வடியக்கூடாது. பட்டர் பூசிய தட்டத்தில் பரப்பி, அலுமினியத் தாளால் மூடி 20 நிமிடம், திறந்து 10 நிமிடம் வாட்டவும். மேலே மொறுமொறுப்பாகவும் உள்ளே ஈரமாகவும் வர வேண்டும்.

அவணின் சூடு பற்றி ஒரு வார்த்தை. அமெரிக்கக் குறிப்பில் 350 என்று இருந்தால் அது பரனைற் கணக்கு. அதை நம்பி இங்குள்ள செல்சியஸ் அவணை முட்டத் திருகினால் எல்லாம் கரியாகிவிடும். 350 பரனைற் என்பது ஏறக்குறைய 180 பாகை செல்சியஸ். காஸ் அவண் என்றால் 4 ஆம் இலக்கம். காற்றாடி சுற்றும் அவண் என்றால் 20 பாகை குறைத்து 160. அமெரிக்கக் "கப்" ஒன்று ஏறக்குறைய 240 மி.லீ. பட்டர் "ஸ்டிக்" ஒன்று 113 கிராம். இன்னொன்று: இங்கே "கோன் பிளவர்" என்று விற்பது சோளனின் வெள்ளை மாப்பொருள், குழம்பு தடிக்கப் போடுவது. அமெரிக்கர் சோளப் பாண் சுடுகிற மஞ்சள் மா "கோன் மீல்". அது கரீபியன் கடைகளில் கிடைக்கும். இந்தச் செய்முறைக்கு இரண்டும் தேவையில்லை.

சொப்ஸுக்கு: எலும்போடு சேர்ந்த பன்றிச் சொப்ஸ் 4, ஒவ்வொன்றும் இரண்டு சென்ரிமீற்றருக்குக் குறையாத தடிப்பு. மெல்லியது வாங்கினால் செருப்புத் தோல் போல வந்துவிடும். உள்ளி 4 பல்லு அரைத்தது, பெருஞ்சீரகத்தூள் ஒரு தேக்கரண்டி, மிளகுதூள் ஒரு தேக்கரண்டி, பாதித் தேசிக்காயின் புளி, உப்பு.

எங்கள் ஆட்கள் எந்த இறைச்சியையும் மஞ்சளும் உப்பும் போட்டு மூன்று தண்ணியில் கழுவாமல் சட்டியில் போடமாட்டார்கள். பிரித்தானிய உணவுத் தர முகவரகம் பச்சை இறைச்சியைக் கழுவ வேண்டாம் என்கிறது. குழாயடியில் தெறிக்கும் தண்ணியோடு கிருமிகள் பாத்திரம், மேசை எல்லாம் பரவும் என்பது காரணம். பலர் ஒரு குசினியைப் பாவிக்கும் வீட்டில் இது இரட்டிப்பு உண்மை. கடதாசியால் ஒற்றி எடுத்தால் போதும்.

சொப்ஸின் ஓரக் கொழுப்பை நாலு இடத்தில் கத்தரிக்கோலால் வெட்டிவிடவும். இல்லாவிட்டால் சூட்டில் சுருண்டு கிண்ணம் மாதிரி வளையும். கூட்டைப் பூசி அரை மணி நேரம் வைக்கவும். சூடான தாச்சியில் ஒவ்வொரு பக்கமும் 2 அல்லது 3 நிமிடம் சிவக்க விடவும். பிறகு உங்கள் தட்டத்தில் அடுக்கி, மூன்று மேசைக்கரண்டி தண்ணீர் விட்டு, தாளால் மூடி அதே 180 பாகையில் 25 நிமிடம். திறந்து இன்னும் 5 முதல் 10 நிமிடம். வெளியே எடுத்து 5 நிமிடம் ஆறவிட்டே வெட்டவும். உடனே வெட்டினால் சாறு முழுக்கத் தட்டில் ஓடிவிடும்.

வெந்ததா என்று எப்படி அறிவது? ஊரில் பெரியவர்கள் வேகாத பன்றியைத் தின்றால் நாடாப்புழு வரும் என்பார்கள். அது வெறும் பயமுறுத்தல் அல்ல, உண்மை. இந்த நாட்டிலும் பன்றியை நடுவரை வேகவைக்க வேண்டும் என்பதே அறிவுரை. ஈரலைத் தாக்கும் ஹெபற்றைற்றிஸ் ஈ கிருமி வேகாத பன்றியிலிருந்து வரலாம். இறைச்சியின் நடுப்பகுதி 70 பாகைச் சூட்டில் 2 நிமிடம், அல்லது 75 பாகையில் 30 செக்கன் இருந்தால் போதும். குத்திப் பார்க்கும் வெப்பமானி ஒன்று வாங்கி வைத்தால் வருடக்கணக்கில் உதவும். அது இல்லாவிட்டால் எலும்புக்குப் பக்கத்தில் குத்திப் பாருங்கள். சாறு சிவப்பில்லாமல் தெளிவாக வர வேண்டும். மிஞ்சியதை இரண்டு மணி நேரத்துக்குள் குளிரூட்டியில் வைத்து, இரண்டு நாளுக்குள் முடித்துவிடுங்கள்.

விருந்தாளிகளுக்குக் கொடுப்பதானால் இன்னும் ஒன்று. இந்த நாட்டுச் சட்டத்தில் ஒவ்வாமை தரும் பொருட்கள் என்று 14 இருக்கின்றன. பெட்டிகளில் அவற்றைத் தடித்த எழுத்தில் போடுவார்கள். எங்கள் கலவையில் மூன்று உண்டு: பாணில் கோதுமை, பாலும் பட்டரும், சலரி. சலரிகூட அந்தப் பட்டியலில் இருக்கிறது என்பது பலருக்குத் தெரியாது. சொல்லிக் கொடுங்கள். அதேபோல, பன்றி சாப்பிடாத வீட்டார் பிள்ளைகளின் இனிப்புப் பெட்டிகளில் "ஜெலற்றின்" என்று இருக்கிறதா என்று பாருங்கள். அது பல இனிப்புகளில் பன்றியிலிருந்து எடுத்தது.

பள்ளிக்கூடமும் அப்படித்தான். 2023 செப்டெம்பரில் லண்டன் மேயரின் நிதியில் அரச ஆரம்பப் பாடசாலைப் பிள்ளைகள் எல்லோருக்கும் இலவச மதிய உணவு தொடங்கியது. நல்ல உதவி. ஆனால் அங்கே வரும் சொசேஜ் எந்த இறைச்சி என்று ஐந்து வயதுப் பிள்ளைக்குத் தெரியாது. உங்கள் பிள்ளை எதைச் சாப்பிடும், எதைச் சாப்பிடாது என்பதை நீங்களே பாடசாலைக்கு எழுத்தில் கொடுங்கள். வெட்கப்பட ஒன்றும் இல்லை. பிள்ளைக்கும் "அவையள் சாப்பிடுறது ஊத்தை" என்று சொல்லிக் கொடுக்காதீர்கள். "நாங்கள் சாப்பிடுறதில்லை" என்றால் போதும். பக்கத்தில் இருந்து சாப்பிடும் பிள்ளை எங்கள் பிள்ளையாகவும் இருக்கலாம்.

சிலர் பன்றி வைத்த அவணே வேண்டாம் என்பார்கள். அது அவர்களுடைய உரிமை. அப்படியான வீட்டில் சொப்ஸை மூடி போட்ட தாச்சியில் அடுப்பிலேயே சமைக்கலாம். முஸ்லிம் நண்பர்களுக்கு, கலவையில் இறைச்சி இல்லை என்று நாங்களாகத் தீர்மானித்து நீட்டக்கூடாது. எந்த அவண், எந்தத் தட்டம் என்று உள்ளதைச் சொல்லுங்கள். முடிவை அவர்கள் எடுக்கட்டும்.

நாங்கள் இப்போது வேறு வீட்டில் இருக்கிறோம். அக்கா வீட்டாரும் வேறு இடம் போய்விட்டார்கள். ஆனாலும் நத்தாருக்கு வருவார்கள். வரும்போது அந்தத் தட்டத்தையும் துணியில் சுற்றிக்கொண்டு வருவா. அதில்தான் முதல் கலவை வாட்டுவோம். இப்போது பச்சை மிளகாய் நாலு போடுகிறா, இரண்டு காணாதாம். பன்றியை இன்றைக்கும் தொடமாட்டா. நாங்களும் கேட்பதில்லை. ஒரே மேசையில் இருந்துதான் சாப்பிடுகிறோம்.

குசினி பங்கிட்டு இருக்கும் வாசகர்கள் சமைக்க முன் ஒரு சொல் கேளுங்கள், சமைத்த பின் தட்டத்தைத் தேய்த்துக் கழுவுங்கள்.